கோட்டுக்கு உள்ளே, கோட்டுக்கு வெளியே: ஹாக்கி வீரர் வாசுதேவன் பாஸ்கரன்



முதல்ல ஒரு கேள்வி. கூகுள் பண்ணாம பதில் சொல்லணும். ஒலிம்பிக் ஹாக்கியில் இந்தியா கடைசியாகத் தங்கம் வாங்கியபோது நம்ம அணிக்கு கேப்டன் யார்?

நம்ம ஹாஸ்டல் மெஸ்ஸில் ஒன்பது பேர்கிட்ட கேட்டேன். நாலு பேர் தியான் சந்த் என்றார்கள். மூணு பேர் தன்ராஜ் பிள்ளை என்றார்கள். ஒருத்தன் 'சக் தே இந்தியா' படத்துல வர்ற ஷாருக் கான் கேரக்டர் பேரைச் சொன்னான். கடைசி ஆள் "மச்சி, சாம்பார் ஆறுது"ன்னு சொல்லிட்டு எழுந்து போயிட்டான்.

சரியான பதில்: வாசுதேவன் பாஸ்கரன். ஊர் ஆரணி. ஆமாங்க, பட்டுப்புடவைக்கும் அரிசிக்கும் பேர் போன அதே ஆரணிதான். நம்ம கடலூர்லேர்ந்து காலையில பஸ் ஏறினா மதியச் சாப்பாட்டுக்குப் போய்ச் சேர்ந்துடலாம். அவ்வளவு பக்கத்து ஊர்க்காரர் 1980-ல் மாஸ்கோவில் ஒலிம்பிக் தங்கம் வாங்கிய அணிக்குத் தலைவராக இருந்தார்.

ஆனா இந்தக் கட்டுரை அந்தத் தங்கத்தைப் பத்தி மட்டும் இல்ல. அதுக்கு அப்புறம் அவர் பயிற்சியாளர் ஆனார். அந்த ரெண்டாவது பாதியைப் பத்தி யாரும் அதிகம் பேசுறதில்ல. எனக்கு அதுதான் ரொம்பத் தேவைப்பட்டது. ஏன்னு கட்டுரை நடுவுல சொல்றேன், அங்கே என் சொந்தக் கதையும் கொஞ்சம் வரும்.

1. ஆரணியிலிருந்து இந்திய அணிக்கு

பாஸ்கரன் பிறந்தது 1950 ஆகஸ்ட் 17. அந்தக் காலத்தில் ஹாக்கி என்றால் இந்தியா, இந்தியா என்றால் ஹாக்கி. 1928 முதல் 1956 வரை நடந்த ஆறு ஒலிம்பிக்கிலும் தங்கம் நமக்குத்தான். 1960-ல் பாகிஸ்தானிடம் தோற்று வெள்ளி. 1964-ல் மறுபடியும் தங்கம். 1968-லும் 1972-லும் வெண்கலம். வரிசையைக் கவனிச்சீங்களா? மேலேயிருந்து மெல்ல மெல்லக் கீழே இறங்குது. பாஸ்கரன் இந்திய அணிக்குள் வந்தது இந்த இறங்குமுக நேரத்தில்தான்.

அவர் ஆடிய இடம் ஹாஃப் பேக். ஹாக்கி பார்க்காதவங்களுக்காக ஒரு சின்ன விளக்கம். மைதானம் 91.4 மீட்டர் நீளம், 55 மீட்டர் அகலம். ஒரு அணியில் 11 பேர். கோல் போஸ்ட்டுக்கு முன்னாடி இருக்கிற வளைவை 'டி' என்று சொல்வோம். அந்த 'டி'க்குள்ள இருந்து அடிச்சாதான் கோல். முன்வரிசை ஆட்கள் கோல் போடுவாங்க, பேப்பர்ல அவங்க பேர் வரும். பின்வரிசை ஆட்கள் கோலைத் தடுப்பாங்க. ஹாஃப் பேக் இந்த ரெண்டு பேருக்கும் நடுவுல நிற்கிறவர். எதிரணி பந்தைப் பிடுங்கணும், நம்ம முன்வரிசைக்குக் கொடுக்கணும், திரும்பப் பின்னாடி ஓடி வரணும். நம்ம டீம் புராஜெக்ட்ல ரிப்போர்ட் அடிச்சு, சர்க்யூட்ல தப்பு கண்டுபிடிச்சு, பிரசன்டேஷன் அன்னிக்கு பின் வரிசையில உட்கார்ந்திருப்பான் பாருங்க ஒருத்தன், அவன்தான் ஹாஃப் பேக்.

1974 டெஹ்ரான், 1978 பாங்காக் ரெண்டு ஆசிய விளையாட்டுப் போட்டிகளிலும் வெள்ளி வாங்கிய அணியில் பாஸ்கரன் இருந்தார். ரெண்டு தடவையும் தங்கம் பாகிஸ்தானுக்கு.

2. புல் போய் டர்ஃப் வந்த கதை

நம்ம மாதிரி இன்ஜினியரிங் பசங்களுக்கு இந்தப் பகுதி பிடிக்கும். காரணம், ஒரு மெட்டீரியல் மாறினதால ஒரு நாட்டோட விளையாட்டே தடுமாறிப் போன கதை இது.

1976 மாண்ட்ரீல் ஒலிம்பிக்கில் முதல்முறையாக ஹாக்கி செயற்கைப் புல்தரையில், அதாவது டர்ஃபில், நடந்தது. அதுவரைக்கும் எல்லாம் இயற்கைப் புல். புல்தரையில் பந்து குதிக்கும், வேகம் குறையும், எந்தப் பக்கம் திரும்பும்னு கணிக்க முடியாது. அதனால பந்தை மட்டையோட ஒட்டி வைத்து, மணிக்கட்டைத் திருப்பித் திருப்பி எதிராளியை ஏமாத்திப் போறதுதான் பாதுகாப்பு. அந்த வித்தையில் இந்தியா, பாகிஸ்தானை மிஞ்ச ஆள் இல்லை.

டர்ஃபில் உராய்வு குறைவு, தரையும் சமம். பந்து நேர்கோட்டில் சர்ருன்னு போகும். நாற்பது மீட்டர் தள்ளி இருக்கிறவனுக்கு ஒரே அடியில் பந்து போய்ச் சேரும்போது, மூணு பேரை ஏமாத்திக் கொண்டுபோக வேண்டிய தேவையே குறைஞ்சுடுது. வேகமா ஓடுறவனுக்கும், நெடுந்தூரப் பாஸ் கொடுக்கிறவனுக்கும், ஆட்டம் முழுக்க மூச்சு வாங்காம ஆடுறவனுக்கும்தான் லாபம். ஐரோப்பாவும் ஆஸ்திரேலியாவும் சீக்கிரமே டர்ஃப் போட்டுப் பழகின. டர்ஃப் போடவும் பராமரிக்கவும் ஆகிற செலவு நம்ம நாட்டுப் பள்ளி, கல்லூரிகளுக்கு எட்டாத தூரம். நம்ம பசங்க மண்ணிலும் புல்லிலும் பழகிட்டு, போட்டி அன்னிக்கு மட்டும் டர்ஃபில் கால் வைத்தார்கள்.

மாண்ட்ரீலில் ஆஸ்திரேலியா நம்மை 6-1 என்று அடித்தது. இந்தியா ஏழாவது இடம். 1928-லிருந்து ஒலிம்பிக் ஹாக்கியில் பதக்கம் இல்லாம இந்தியா திரும்பினது அதுதான் முதல் தடவை. அந்த அணியில் பாஸ்கரனும் ஒருவர். அப்போ அவருக்கு வயசு 25, 26. நம்மைவிட நாலஞ்சு வயசுதான் கூட.

3. மாஸ்கோ 1980

நாலு வருஷம் கழித்து அவரே கேப்டன். 1979 டிசம்பரில் சோவியத் படைகள் ஆப்கானிஸ்தானுக்குள் நுழைந்ததால் அமெரிக்கா தலைமையில் பல நாடுகள் மாஸ்கோ ஒலிம்பிக்கைப் புறக்கணித்தன. ஹாக்கியில் பாகிஸ்தான், ஆஸ்திரேலியா, மேற்கு ஜெர்மனி, நெதர்லாந்து யாரும் வரவில்லை. கடைசியில் ஆடியது ஆறே அணிகள்: இந்தியா, ஸ்பெயின், சோவியத் யூனியன், போலந்து, கியூபா, தான்சானியா.

"அப்போ ஈஸி கோல்டு தானே?" இது என் ரூம்மேட் கேட்ட கேள்வி. உங்களுக்கும் தோணியிருக்கும். நேர்மையா பார்ப்போம். தான்சானியாவை 18-0, கியூபாவை 13-0 என்று ஜெயித்தோம். அது ஈஸிதான். ஆனால் போலந்தோடு 2-2, ஸ்பெயினோடு 2-2. சோவியத் யூனியனை 4-2 என்று ஜெயித்துத்தான் இறுதிப் போட்டிக்குள் போக முடிந்தது. நம்ம அணியில் பெரும்பாலானோருக்கு அதுதான் முதல் ஒலிம்பிக் என்பதையும் சேர்த்துப் பாருங்க. கேப்டனுக்கு வேலை எவ்வளவு இருந்திருக்கும்!

ஜூலை 29, இறுதிப் போட்டி, மறுபடியும் ஸ்பெயின். சுரிந்தர் சிங் சோதி இரண்டு கோல், எம்.கே. கௌஷிக் ஒன்று. 3-0. ஆட்டம் முடிஞ்சதுன்னு நினைப்போம். அங்கிருந்துதான் ஸ்பெயினின் ஹுவான் அமாத் ஆட ஆரம்பித்தார். இரண்டு கோல் போட்டார். 3-2. முகமது ஷாஹித் நமக்கு நாலாவது கோலைப் போட்டார். அமாத் மறுபடியும் ஒன்று போட்டு ஹாட்ரிக். 4-3. மீதி இருந்த நிமிஷங்களை எண்ணி எண்ணித் தள்ளி, அந்த 4-3 மாறாமல் காப்பாற்றினார்கள்.

இது இந்தியாவுக்கு ஒலிம்பிக் ஹாக்கியில் எட்டாவது தங்கம். இன்னைக்கு வரைக்கும் கடைசித் தங்கம். பாஸ்கரனின் 30-வது பிறந்தநாளுக்கு 19 நாள் பாக்கி இருந்தது. அடுத்த வருஷம் பத்மஸ்ரீ. அர்ஜுனா விருதும் அவருக்குக் கிடைத்தது.

ஒரு விஷயத்தை மட்டும் இங்கே குறிச்சு வச்சுக்கோங்க. அன்னிக்கு 3-0 என்பது 3-2 ஆனபோது பாஸ்கரன் கோட்டுக்கு உள்ளே இருந்தார். கையில் மட்டை இருந்தது. தப்பு நடந்தா ஓடிப் போய் தானே தடுக்கலாம், கத்தலாம், பக்கத்துல போய்த் தட்டிக் கொடுக்கலாம்.

4. இப்போ என் கதை

மூணு வருஷமா நம்ம காலேஜ் ஹாக்கி டீம்ல நானும் ஹாஃப் பேக்தான். (இந்த ஒற்றுமையில எனக்கு ரகசியமா ஒரு பெருமை உண்டு.) போன வருஷக் கடைசியில முட்டி லிகமென்ட் கிழிஞ்சது. டாக்டர் ஓடக்கூடாதுன்னுட்டார். பி.டி. சார் கூப்பிட்டு, "தம்பி, சும்மா உட்காராத. ஜூனியர் பசங்களைப் பார்த்துக்கோ"ன்னார். நானும் பெரிய கோச் மாதிரி விசில் வாங்கிக்கிட்டேன்.

மண்டலப் போட்டி காலிறுதி. 1-0 முன்னிலையில இருக்கோம். ரெண்டு நிமிஷம்தான் பாக்கி. செகண்ட் இயர் பையன் ஒருத்தன், பின்வரிசை, பந்தை எடுத்தான். ஓரமா வெளியே அடிச்சிருந்தா போதும். அவன் நம்ம 'டி'க்குப் பக்கத்திலேயே ஒருத்தனை ஏமாத்திப் போகப் பார்த்தான். பந்து பறிபோச்சு. 1-1. அப்புறம் ஷூட்-அவுட்டில் தோத்தோம்.

திரும்பி வர்ற வேன்ல எல்லார் முன்னாடியும் அவனைத் திட்டினேன். என்ன சொன்னேன்னு இங்கே எழுத மனசு வரல. செம்மண்டலத்துல டீ குடிக்க வண்டி நின்னுச்சு. எல்லாரும் இறங்கினாங்க, அவன் மட்டும் இறங்கல. அடுத்த நாள்லேர்ந்து கிரவுண்டுக்கும் வரல.

ஒரு வாரம் கழிச்சு பி.டி. சார் கேட்டார்: "கடைசி ரெண்டு நிமிஷத்துல பந்தை வெளியே அடிக்கணும்னு உனக்கு எப்படிப்பா தெரியும்?"

"ஆடி ஆடித் தெரியும் சார்."

"சரி. அவனுக்கு அதை என்னைக்குச் சொல்லிக்கொடுத்த?"

என்கிட்ட பதில் இல்ல. மூணு மாசம் பயிற்சி கொடுத்தேன். ஓட விட்டேன், பாஸ் பண்ண விட்டேன், பெனால்டி கார்னர் பழக்கினேன். ஒரு கோல் முன்னிலையோட ரெண்டு நிமிஷத்தை எப்படி ஓட்டணும்னு ஒரு நாள்கூடப் பழக்கல. எனக்குத் தெரிஞ்சிருந்ததால அவனுக்கும் தெரியும்னு நினைச்சுட்டேன்.

அன்னிக்கு ராத்திரி தூக்கம் வரல. ஹாக்கி பயிற்சியாளர்களைப் பத்தித் தேடிப் படிக்க ஆரம்பிச்சேன். அப்படித்தான் பாஸ்கரனின் இரண்டாவது வாழ்க்கைக்கு வந்து சேர்ந்தேன்.

5. கோட்டுக்கு வெளியே

இந்திய ஆண்கள் அணியின் பயிற்சியாளர் பொறுப்பு பாஸ்கரனிடம் ஒரு தடவைக்கு மேல் வந்தது. 1998 உட்ரெக்ட் உலகக் கோப்பையில் அவர் பயிற்சியாளர், இந்தியா ஒன்பதாவது இடம். அதன் பிறகு பொறுப்பு, மாஸ்கோவில் அவரோடு ஆடிய எம்.கே. கௌஷிக்கிடம் போனது. அதே டிசம்பரில் பாங்காக் ஆசிய விளையாட்டில் இந்தியா தங்கம் வென்றது, அதுவும் 32 வருஷம் கழித்து. அப்படியும் கௌஷிக்கின் பதவி நிலைக்கவில்லை. தங்கத்தோடு வந்தவரையே மாற்றினார்கள். அந்த நாற்காலி அப்படிப்பட்டது.

2000 சிட்னி ஒலிம்பிக்குக்கு மறுபடியும் பாஸ்கரன். இங்கேதான் எனக்கு உடம்பு சிலிர்த்தது. நம்ம பிரிவில் இந்தியாவின் ஐந்து ஆட்டங்கள் இப்படிப் போயின:

அர்ஜென்டினா: 3-0 வெற்றி
ஆஸ்திரேலியா: 2-2 டிரா
தென் கொரியா: 0-2 தோல்வி
ஸ்பெயின்: 3-2 வெற்றி
போலந்து: 1-1 டிரா

ஆஸ்திரேலியாவை அவங்க ஊர்லயே டிரா பண்ணியிருக்கோம்! கடைசி ஆட்டம் போலந்து. பட்டியலில் வலுவில்லாத அணி. ஜெயிச்சா அரையிறுதி. 1-0 முன்னிலை. ஆட்டம் முடிய ரெண்டு நிமிஷம்கூட இல்லை. போலந்து சமன் செய்தது. வெற்றிக்கு மூணு புள்ளி, டிராவுக்கு ஒண்ணு. பத்து புள்ளி வர வேண்டிய இடத்தில் எட்டு. நம்ம பிரிவிலிருந்து ஆஸ்திரேலியாவும் தென் கொரியாவும் அரையிறுதிக்குப் போயின. தென் கொரியா வெள்ளிப் பதக்கத்தோடு ஊர் திரும்பியது. இந்தியா ஏழாவது.

மாஸ்கோவில் ஒரு கோல் முன்னிலையைக் கடைசி வரை காப்பாற்றிய அணியின் கேப்டன், சிட்னியில் அதே ஒரு கோல் முன்னிலை கரைவதைக் கோட்டுக்கு வெளியே நின்று பார்த்தார். அவர் கையில் மட்டை இல்லை. இருபது வருஷ அனுபவம் இருந்தது. அந்த ரெண்டு நிமிஷத்தில் அதை உள்ளே அனுப்ப வழியில்லை.

நான் அவரோட பெரிய மைதானத்தையும் என் சின்ன மண் கிரவுண்டையும் ஒண்ணுன்னு சொல்ல வரல. எனக்கும் அவருக்கும் எட்டாத தூரம். ஆனா அந்த ரெண்டு நிமிஷத்துல வெளியே நிக்கிறவனோட வயிறு எப்படி இருக்கும்னு எனக்குக் கொஞ்சம் தெரியும்.

2006-ல் ஜெர்மனியின் மோன்ஷன்கிளாட்பாக் உலகக் கோப்பைக்கும் அவர்தான் பயிற்சியாளர். இந்தியா பதினோராவது இடம். 1986-ல் லண்டனில் வந்த பன்னிரண்டாவது இடத்துக்கு அப்புறம் அதுதான் மோசமான முடிவு. இந்த எண்களை மறைச்சுட்டு "மாபெரும் சாதனையாளர்" என்று எழுதுவது சுலபம். ஆனா அப்படி எழுதினா நமக்குப் படிக்க ஒண்ணும் மிஞ்சாது.

6. நல்ல வீரர் ஏன் தானாக நல்ல பயிற்சியாளர் ஆவதில்லை?

ஒப்பிட்டுப் பார்க்க ஒரு ஆஸ்திரேலியர் இருக்கார்: ரிக் சார்ல்ஸ்வொர்த். 1976 மாண்ட்ரீலில் வெள்ளி வாங்கிய ஆஸ்திரேலிய அணியில் ஆடியவர். மருத்துவம் படித்தவர். பத்து வருஷம் நாடாளுமன்ற உறுப்பினராக இருந்தவர். 1980-ல் அவரும் மாஸ்கோவுக்குத் தேர்வானார், புறக்கணிப்பால் போக முடியவில்லை. ஆக, பாஸ்கரன் தங்கம் வாங்கிய ஒலிம்பிக் இவருக்குக் கிடைக்காமல் போன ஒலிம்பிக்.

பயிற்சியாளராக அவர் கதை வேறு. 1993-லிருந்து 2000 வரை ஆஸ்திரேலியப் பெண்கள் அணியைப் பார்த்துக்கொண்டார். 1996-லும் 2000-லும் ஒலிம்பிக் தங்கம், நடுவில் உலகக் கோப்பையும். அதாவது, சிட்னியில் பாஸ்கரனின் அணி ஏழாவது வந்த அதே நாட்களில் சார்ல்ஸ்வொர்த்தின் அணி தங்கம் வாங்கியது. பின்னாடி ஆண்கள் அணிக்கு வந்து 2010, 2014 உலகக் கோப்பைகளையும் ஜெயித்தார்.

"அப்போ அவர் புத்திசாலி, இவர் இல்லையா?" அப்படி முடிவு கட்டிடாதீங்க. மூணு வித்தியாசத்தைப் பாருங்க.

முதலாவது, நேரம். சார்ல்ஸ்வொர்த்துக்கு ஒரே அணியோடு தொடர்ந்து ஏழெட்டு வருஷம் கிடைத்தது. இந்தியாவில் ஒரு தொடர் சரியில்லையென்றால் ஆளை மாற்றிவிடுவார்கள். சில சமயம் சரியாக இருந்தாலும்! கௌஷிக் கதை பார்த்தோமே.

இரண்டாவது, அடித்தளம். ஆஸ்திரேலியாவில் சின்ன வயசிலிருந்தே டர்ஃபில் ஆடிப் பழகியவர்கள் தேசிய அணிக்கு வருகிறார்கள். நம்ம பயிற்சியாளர், முகாமுக்கு வந்த பிறகுதான் பல விஷயங்களை ஆரம்பத்திலிருந்து சொல்லிக்கொடுக்க வேண்டியிருந்தது. செமஸ்டருக்கு முந்தின ராத்திரி முழு சிலபஸையும் முடிக்கிற மாதிரி.

மூன்றாவது, விளையாட்டே மாறிப்போனது. பாஸ்கரன் ஆடிய காலத்தில் ஆஃப்-சைடு விதி இருந்தது. 1990-களில் அதை எடுத்துவிட்டார்கள். வீரர்களை எத்தனை தடவை வேண்டுமானாலும் மாற்றி மாற்றி இறக்கலாம் என்ற விதியும் அந்தப் பத்தாண்டில் வந்தது. அதாவது 1980-ல் கேப்டன் உள்ளே எடுத்த பல முடிவுகள், 2000-ல் பயிற்சியாளர் வெளியே நின்று எடுக்க வேண்டியவையாகிவிட்டன. தான் ஆடாத ஒரு விளையாட்டை அவர் சொல்லிக்கொடுக்க வேண்டியிருந்தது என்றே சொல்லலாம்.

சார்ல்ஸ்வொர்த்துக்கும் எல்லாம் கிடைத்துவிடவில்லை. 2012 லண்டன் ஒலிம்பிக்குக்கு உலகச் சாம்பியனாகப் போன அவர் ஆண்கள் அணி வெண்கலத்தோடு திரும்பியது. வெளியே நிக்கிறவர் எவ்வளவு பெரிய ஆளா இருந்தாலும், உள்ளே நடக்கிறது முழுக்க அவர் கையில் இல்லை.

7. நம்ம லேபுக்கு இதில் என்ன பாடம்?

ஃபைனல் இயர் வந்ததும் நாம எல்லாருமே ஒருவிதத்தில் கோட்டுக்கு வெளியே வந்துடுறோம். ரோபோட்டிக்ஸ் கிளப்பை ஜூனியர்கிட்ட கொடுக்கணும். இந்த இதழையே அடுத்த வருஷம் வேற பசங்க நடத்தணும். வேலைக்குப் போனா ஒரு நாள் டீம் லீடர் ஆவோம். அப்போ உதவட்டும்னு, இந்த ரெண்டு பேரையும் படிச்சதுல நான் எடுத்துக்கிட்டதை எழுதுறேன்.

ஒண்ணு: உங்களுக்குக் கைப்பழக்கமா வர்றது எதுன்னு முதல்ல பட்டியல் போடுங்க. மல்டிமீட்டர் வைக்கிறதுக்கு முன்னாடி சப்ளையை ஆஃப் பண்றது, டெமோவுக்கு முந்தின நாள் கோடைத் தொடாம இருக்கிறது, இதெல்லாம் நாம யோசிக்காமலே செய்றோம். யோசிக்காம செய்றதைத்தான் சொல்லிக்கொடுக்க மறக்கிறோம்.

ரெண்டு: கடைசி ரெண்டு நிமிஷத்தைத் தனியா ஒத்திகை பாருங்க. எல்லாரும் ஆரம்பத்தைப் பழகுறோம். டெமோ நடுவுல பேட்டரி போனா என்ன பண்ணணும், வைவாவில் கேள்வி தெரியலைன்னா எப்படிச் சொல்லணும், இதையெல்லாம் யாரும் பழகுறதில்ல.

மூணு: தப்பு நடந்ததும் "அவன் ஏன் செஞ்சான்?"னு கேட்கிறதுக்கு முன்னாடி "நான் இதைச் சொல்லிக்கொடுத்தேனா?"னு கேளுங்க. நான் வரிசையை மாத்திக் கேட்டேன். அதான் வேன்ல அப்படி நடந்துக்கிட்டேன்.

நாலு: வெளியே வர்றதுக்குப் பயப்படாதீங்க. பாஸ்கரன் 1980-க்கு அப்புறம் ஒதுங்கி இருந்திருந்தா அவர் பேரோட தங்கம் மட்டும்தான் ஒட்டியிருக்கும். ஒன்பதும் ஏழும் பதினொன்றும் ஒட்டியிருக்காது. ஆனாலும் பொறுப்பு வந்தபோது எடுத்துக்கிட்டார், ஒரு தடவை அடி வாங்கின பிறகும் எடுத்துக்கிட்டார். அந்த எண்களைப் பார்த்து அவரைக் குறைச்சு மதிப்பிடத் தோணினா, அந்த இடத்தில் நிற்க எத்தனை பேர் தயாரா இருப்பாங்கன்னும் யோசிங்க.

8. அப்புறம் என்ன ஆச்சு?

இந்திய ஹாக்கிக்கு என்ன ஆச்சுன்னு உங்களுக்குத் தெரிஞ்சிருக்கும். மாஸ்கோவுக்கு 41 வருஷம் கழித்து, 2021 ஆகஸ்ட் 5 அன்று டோக்கியோவில் ஜெர்மனியை 5-4 என்று ஜெயித்து வெண்கலம். பயிற்சியாளர் கிரஹாம் ரீட், 1992-ல் ஆஸ்திரேலியாவுக்காக ஒலிம்பிக் வெள்ளி வாங்கிய வீரர். 2024 பாரிஸில் ஸ்பெயினை 2-1 என்று ஜெயித்து மறுபடியும் வெண்கலம். 2023-ல் நம்ம சென்னை எழும்பூர் மேயர் ராதாகிருஷ்ணன் மைதானத்தில் ஆசிய சாம்பியன்ஸ் டிராபி நடந்தது. இறுதிப் போட்டியில் மலேசியாவை இந்தியா ஜெயித்தது, ஸ்கோர் அதே 4-3. அந்த அணியில் ஆடிய கார்த்தி செல்வம் அரியலூர்க்காரர், நமக்குப் பக்கத்து மாவட்டம் மாதிரிதான். ஆரணியில் ஆரம்பிச்ச கோடு அறுந்துபோகல.

என் கதைக்கு வர்றேன். பி.டி. சார் கேட்ட கேள்விக்கு ரெண்டு நாள் கழிச்சு அந்தப் பையன் ரூமுக்குப் போனேன். "டேய், நான் சொன்னது தப்பு. எல்லார் முன்னாடியும் சொன்னேன், எல்லார் முன்னாடியும் சாரி கேட்கிறேன். கிரவுண்டுக்கு வா"ன்னேன். அவன் உடனே எதுவும் சொல்லல. "அண்ணா, எனக்கு அந்த நேரத்துல என்ன பண்றதுன்னே தெரியல"ன்னு மட்டும் சொன்னான். அதுதான் உண்மை. நான் சொல்லிக்கொடுத்திருந்தா தெரிஞ்சிருக்கும்.

இப்போ தினமும் பயிற்சியோட கடைசிப் பத்து நிமிஷம் ஒரே ஆட்டம்தான். ஒரு அணிக்கு ஒரு கோல் முன்னிலை, ரெண்டு நிமிஷம் பாக்கி, விசில். மறுபடியும் விசில், மறுபடியும் ரெண்டு நிமிஷம். முதல் வாரம் பாதி தடவை கோல் வாங்கினாங்க. இப்போ குறைஞ்சிருக்கு. அவனும் வர்றான். நேத்து பந்தை ஓரமா வெளியே அடிச்சுட்டுத் திரும்பி என்னைப் பார்த்தான்.

அடுத்த மண்டலப் போட்டி நடக்கும்போது நான் இந்த காலேஜ்லயே இருக்க மாட்டேன். அவன் இருப்பான், தேர்ட் இயர்ல. சமயம் கிடைச்சா நீங்க போய்ப் பாருங்க. கடைசி ரெண்டு நிமிஷம் வரைக்கும் இருந்து பாருங்க.